உதறலை ஏற்றிப் போன ஜீப்

ஊர்க்காரர்கள் ரோடு கேட்டு மனு எழுத ஆரம்பித்த பதினோராவது வருஷத்தில் கருவாரை எஸ்டேட் நிர்வாகம் ஒரு முடிவுக்கு வந்தது. கல்லை அகற்றுவதைவிட ஜீப்பை உயர்த்துவது சுலபம் என்பதே அந்த முடிவு. மழை அரித்த மலைப்பாதையில் முழங்கால் உயரத்துக்குப் பாறை முளைத்திருந்தது, ஜீப்பின் அடிவயிறு அதில் இடித்து நின்றது, ஏலக்காய் எடுக்கப் போகும் பெண்கள் நேரத்துக்குத் தோட்டத்தில் இறங்க முடியவில்லை; ஆகவே முதலில் ஒரே ஒரு ஜீப்பைக் கீழே குமுளம்பட்டிக்கு அனுப்பி, மொக்கராசு பட்டறையில் வில்லுப்பட்டைக்கும் அச்சுக்கும் நடுவே கட்டை கொடுத்து, அரையடி தூக்கி, எருமைத் தலை அகலத்துக்கு டயர் மாட்டி வாங்கிக்கொண்டார்கள். பள்ளத்தை நிரப்ப வேண்டியவர்கள் அதன்மேல் நடக்கிறவனின் செருப்பை உயர்த்திக் கொடுத்துவிட்டு அதற்கு முன்னேற்றம் என்று பெயர் வைப்பது புதிதில்லை என்பதால் ஊரில் யாரும் அதைப் பெரிதாகப் பேசவில்லை. பேசியதெல்லாம் அதற்குப் பிறகு நடந்ததைப் பற்றித்தான்.

"மச்சான், வண்டி உதறுது," என்று மறுநாளே திரும்பி வந்தான் டிரைவர் சிக்கந்தர். அவனுக்கும் மொக்கராசுவுக்கும் சாதியும் மதமும் வேறு. ஆனாலும் அந்தப் பக்கத்து வழக்கப்படி பிறந்த நாளிலிருந்து மாமன் மச்சான்.

"எங்க உதறுது?"

"எங்கன்னா? வண்டியிலதான்."

"கையிலயா, குண்டியிலயா, காலுலயா?"

சிக்கந்தர் சிரித்தான். மொக்கராசு சிரிக்கவில்லை. முப்பது வருஷமாக அவர் நம்பிய ஒரே வேதம் அது. ஸ்டியரிங் பிடித்த கையில் தெரிந்தால் கோளாறு முன்சக்கரத்தில்; உட்காரும் இடத்தில் தெரிந்தால் பின்சக்கரத்தில்; காலுக்குக் கீழே தகரத்தில் வண்டுக் கூட்டம் மாதிரி இரைந்தால், கியர்பெட்டியிலிருந்து பின் அச்சுக்குப் போகும் ஷாப்டில்.

"மூணுலயும்," என்றான் சிக்கந்தர்.

ஆகவே அவர் அடியிலிருந்து ஆரம்பித்தார். சக்கரத்தைத் தூக்கிச் சுழலவிட்டு ஓரத்தில் சாக்பீஸைப் பிடித்து, வெள்ளை பட்ட இடமெல்லாம் மேடு என்று கண்டு ரிம்மைத் தட்டி நேராக்கினார், வண்டி உதறியது. ஈயம் வைத்து டயரின் எடையைச் சரிகட்டினார், உதறியது. டயர் கோளாறானால் டயரோடு உதறலும் இடம் மாற வேண்டும் என்று முன்னதைப் பின்னுக்கும் பின்னதை முன்னுக்கும் மாற்றினார், உதறல் இருந்த இடத்திலேயே இருந்தது. உயர்த்திய வண்டியில் ஷாப்ட் செங்குத்தாகச் சரியும் என்பதால் அச்சின் மூக்கை நிமிர்த்த ஆப்புத்தகடு வைத்தார், கொஞ்சம் தணிந்தது, நிற்கவில்லை. பின் ஷாப்டை முழுசாக போல்ட்டோடு கழற்றி வைத்துவிட்டு முன்சக்கர இழுப்பில் மட்டும் ஓட்டச் சொன்னார், அப்போதும் உதறியது. கடைசியில் எஞ்சினை அணைத்து, நான்கு சக்கரத்தையும் கழற்றி, நான்கு மரக்கட்டைமேல் வண்டியை உட்காரவைத்து, பானெட்டின் மேல் உள்ளங்கையை வைத்தார். காய்ச்சல்காரனின் முதுகைப் போல அது மெல்ல நடுங்கிக்கொண்டிருந்தது.

"இது எந்த ஊரு கோளாறு?" என்று கேட்டான் சிக்கந்தர்.

மொக்கராசு கையைத் துடைத்துக்கொண்டு, சக்கரங்களைத் திரும்ப மாட்டினார். பாறையைத் தாண்ட அந்த ஒரு வண்டிதான் இருந்தது. உதறினாலும் அது போயாக வேண்டும்.

பதில் மலையிலிருந்து வந்தது. குமுளம்பட்டியிலிருந்து தினமும் அந்த ஜீப்பில் பதினெட்டுப் பெண்கள் போனார்கள். உட்கார்ந்தவர்கள் எட்டு, மடியில் மடி வைத்து இடுக்கிக்கொண்டவர்கள் ஆறு, பின்படியில் தொங்கியவர்கள் நாலு. அவர்களில் மூத்தவள் ஒச்சம்மா. கங்காணி அவள் பேரைச் சொல்லும்போதெல்லாம் பன்னிரண்டு வருஷமாக அவள் கை உதறும், பறித்த காயில் பாதி தரையில் சிந்தும், சிந்தியதற்குத் தனியாகத் திட்டு விழும். அன்று கங்காணி கத்தினான், அவள் கை உதறவில்லை. கையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். அது யாரோ கடன் கொடுத்த கை மாதிரி அசையாமல் இருந்தது.

"இந்தாய்யா, நில்லு," என்றாள். "ஆடு மாட்டை அதட்டுற மாதிரி அதட்டாத. எனக்குப் பேரு இருக்கு. முழுப் பேரு தெரியலைன்னா பக்கத்துல வந்து கேட்டுக்க."

மற்ற பதினேழு பெண்களும் வேலையை நிறுத்திவிட்டுத் தங்கள் கைகளைப் பார்த்தார்கள். ஏலக்கறை ஏறிக் கறுத்த விரல்கள், அந்தக் கறுப்பை மறைக்கப் பூசிய சிவப்பு நகப்பாலீஷ், எல்லாம் அப்படியே; நடுக்கம் மட்டும் இல்லை. சாயங்காலம் இறங்கி வந்தபோது ஒச்சம்மா ஜீப்பின் பக்கவாட்டைத் தட்டிக்கொடுத்து, பட்டறையில் இருந்தவருக்குக் கேட்கிற மாதிரி சொன்னாள்: "கொழுந்தனாரே, இதுல கோளாறு தேடாதீங்க. எங்க உதறலை வண்டி எடுத்துக்கிருச்சு."

ஊர் அதை ஒரு வாரத்தில் பழகிக்கொண்டது. தண்ணீர் லாரி வரும் நேரத்தைப் பழகிக்கொள்வது போலத்தான். கணக்குப் பரீட்சைக்கு முன்னால் பிள்ளைகளைக் கூட்டிவந்து கால்மணி நேரம் பின்சீட்டில் உட்காரவைத்தார்கள். மாமியாரிடம் பேச முடியாத மருமகள் ஏறி இறங்கினாள், அவள் போனபின் மாமியாரும் வந்து ஏறி இறங்கினாள். ஊசிக்குப் பயந்தவர்கள், நாய்க்குப் பயந்தவர்கள், கிணற்றை எட்டிப் பார்க்க முடியாதவர்கள், கோர்ட்டில் சாட்சி சொல்ல வேண்டியவர்கள், பெண் பார்க்க வரும் நாளில் தானும் நடுங்கிய மாப்பிள்ளைகள் எல்லாரும் வரிசையில் நின்றார்கள், வரிசையில் சண்டை வந்தது, சண்டையைத் தீர்க்கப் பஞ்சாயத்து கூடி, பெரிய பயக்காரர்களுக்குப் பின் அச்சுக்கு மேலே இடம், சில்லறைப் பயக்காரர்களுக்கு முன்னால் என்று தீர்மானம் போட்டது. பயத்துக்குக் கயிறு மந்திரித்துக் கொடுக்கும் கோடாங்கி முதலில் இதெல்லாம் தெய்வக் குற்றம் என்று சொல்லிப் பார்த்துவிட்டு, ஒரு செவ்வாய்க்கிழமை மதியம் யாரும் இல்லாத நேரத்தில் தானே வந்து ஏறி உட்கார்ந்தார். அவருக்கு என்ன பயம் என்று கேட்டதற்கு, கயிறு வேலை செய்கிறதா இல்லையா என்பதுதான் என்றார்.

ஏற்ற ஏற்ற ஜீப் கூடுதலாக உதறியது. நிறுத்தி வைத்திருந்தாலும் பக்கத்து டீக்கடையின் கிளாஸ்களில் வட்டம் வட்டமாக அலை எழுந்தது, டீக்கடைக்காரர் கிளாஸை முக்கால் மட்டும் ஊற்றப் பழகினார், கோழிகள் அதன் அடியில் போய் உட்கார்ந்து கொக்கரிக்காமல் முட்டையிட்டன. மொக்கராசு காலையில் பட்டறை திறந்ததும் அதன்மேல் கை வைப்பார். கொஞ்ச நாளில் அவருக்கு ஒவ்வொன்றும் தனித்தனியாகத் தெரிய ஆரம்பித்தது. கங்காணிக்குப் பயந்த பயம் ஸ்டியரிங்கில் துள்ளியது. வீட்டுக்காரனுக்குப் பயந்த பயம் பின்கதவில் கொண்டி மாதிரி கடகடத்தது. பசிக்குப் பயந்த பயம் அடித்தகரத்தில், மிகத் தாழ்ந்த சத்தமாக, நிற்காமல் இரைந்தது. அது எல்லாரிடமிருந்தும் வந்திருந்ததால் அதுதான் பெரிதாக இருந்தது. ஒரு ஊர் இத்தனை காலம் இவ்வளவையும் உடம்புக்குள் வைத்துக்கொண்டுதான் நடந்தது, சமைத்தது, பிள்ளை பெற்றது, சிரித்தது என்று அவருக்கு அப்போதுதான் உறைத்தது. கோயிலில்கூட எடுக்காத செருப்பைக் கழற்றி ஓரமாக வைத்துவிட்டுத்தான் அதற்குப் பிறகு அவர் வண்டியைத் தொட்டார்.

பயம் போன இடத்தில் பேச்சு வந்தது. ஒச்சம்மாவும் மற்றவர்களும் மூன்று கோரிக்கை வைத்தார்கள். ஜீப்புக்குப் பத்து பேருக்கு மேல் ஏற்றக் கூடாது. எட்டாவது வளைவில் தடுப்புச் சுவர் கட்ட வேண்டும். கல்லை எடுத்து ரோடு போட வேண்டும். துண்டறிக்கை இல்லை, கொடி இல்லை, வெளியூர் தலைவர் யாரும் வரவில்லை. வந்திருந்தால் மூன்றை முப்பதாக்கி ஒன்றையும் வாங்காமல் போயிருப்பார்கள். திங்கட்கிழமை ஆபீசில் பேச்சு என்று முடிவானது.

எட்டாவது வளைவு என்றால் குமுளம்பட்டியில் யாருக்கும் விளக்க வேண்டியதில்லை. மூன்று வருஷத்துக்கு முன்னால் இருபது பேரோடு ஒரு ஜீப் அங்கே பின்னோக்கி வழுக்கி ஓடைக்குள் விழுந்தது. ஆறு பேர் செத்தார்கள். அவர்களில் ஒருத்தி செல்லத்தாயி, மொக்கராசுவின் மனைவி. அதன்பின் அவர் மலை ஏறியதில்லை. மலை வண்டிகளை அவர் சமதரையிலேயே பார்த்து, சமதரையிலேயே ஓட்டி, சமதரையிலேயே திருப்பிக் கொடுத்தார்.

சனிக்கிழமை எஸ்டேட் மேனேஜர் கருணாகரன் கீழே இறங்கி வந்தார். ஜீப்பிலிருந்து பத்தடி தள்ளியே நின்றுகொண்டு பேசினார்.

"மொக்கராசு, மத்த பதினாறு ஜீப்பையும் உயர்த்துற வேலை உங்களுக்குத்தான். ஆனா இதோட உதறல் திங்கட்கிழமைக்குள்ள நிக்கணும்."

"வண்டிக்கு உதறுனா உங்களுக்கு என்ன சார்?"

"வண்டிக்கு உதறுறது எனக்குப் பிரச்சினையில்ல. வண்டிக்கு மட்டும் உதறுறதுதான் பிரச்சினை."

அறிவாளிதான். மொக்கராசு அதை ஒத்துக்கொண்டார். மேனேஜர் போன பிறகு வண்டிக்கு அடியில் படுத்தபோது, அதைவிடப் பெரிய செய்தியைப் பார்த்தார். ஷாப்டின் இரண்டு முனையிலும் அது மடங்கித் திரும்ப உதவும் கிராஸ்களின் ஓரத்தில் செம்பொடி கசிந்திருந்தது. உள்ளே ஊசி பேரிங் எண்ணெய் வற்றிப் பொடியாகிக்கொண்டிருந்தது. ஒரு மாசத்துக்குள் இரண்டாவது தடவை. புதுக் கிராஸ் மாட்டினாலும் இந்த உதறல் அதையும் தின்றுவிடும், ஒருநாள் ஏற்றத்தில் ஷாப்ட் அறுந்து முனை தரையில் குத்தும், குத்தினால் வண்டி பின்னோக்கி வரும். எங்கே வரும் என்று அவர் யோசிக்கத் தேவையில்லை.

அவர் ஒச்சம்மா வீட்டுக்குப் போய்ச் சொன்னார். அவள் முறத்தைக் கீழே வைத்தாள்.

"சரிபண்ணினா எங்க பயம் எங்களுக்கே திரும்பிருமா?"

"தெரியாது மதினி."

"திங்கட்கிழமை வரைக்கும் தாங்குமா?"

"அதுவும் தெரியாது. எங்க கோளாறுன்னே இன்னும் பிடிபடல. பாரத்தோட மேட்டுல இழுக்கும்போது நான் உள்ள உட்காரணும்."

ஒச்சம்மா அவரை நிமிர்ந்து பார்த்தாள். மலை ஏறி வருகிறேன் என்று தான் சொன்னதை, சொன்ன பிறகுதான் மொக்கராசுவே கேட்டார்.

"அப்ப பத்தொம்பது பேரு," என்றாள். "நம்ம கோரிக்கைய நாமளே மீறுறோம். யாரு மடியில உட்காருவீங்க?"

"ஒங்க மடியில இல்ல."

"இடம் குடுத்தாத்தானே."

திங்கட்கிழமை நன்றாக விடிந்தபின் புறப்பட்டார்கள். மொக்கராசு கருவிப் பெட்டியைக் காலுக்கடியில் வைத்து, பின் அச்சுக்கு மேலே, பஞ்சாயத்து பெரிய பயக்காரர்களுக்கு ஒதுக்கிய இடத்தில் உட்கார்ந்தார். முதல் வளைவில் அவர் முழங்கால் ஆடியது. மூன்றாவதில் பல் கிட்டியது. நாலாவதில் வண்டி அவரிடமிருந்து எடுக்க ஆரம்பித்தது. அவர் அதை உணர்ந்தார், பானையில் ஓட்டை விழுந்து தண்ணீர் இறங்குவது போல முதுகு வழியாக, இடுப்பு வழியாக, மூன்று வருஷம் இறங்கிப் போய்க் கீழே தகரத்தில் சேர்ந்தது. ஆறாவது வளைவில் அவர் காலியாக இருந்தார். காலியான காதில் முதல் தடவையாக வண்டி தெளிவாகக் கேட்டது: ஊர்ப் பயமெல்லாம் ஒரு பக்கம் இரைய, அவற்றுக்கெல்லாம் அடியில், இரும்பின் சொந்த உதறல் ஒன்று, ஷாப்ட் சுற்றுகிற ஒவ்வொரு சுற்றுக்கும் இரண்டு தட்டு, இரண்டு தட்டு. அதை வண்டிக்குள் வைத்தவர் தான்தான் என்பதும் தெரிந்தது.

ஷாப்ட் ஒரே துண்டு இல்லை. நடுவில் ஒன்றுக்குள் ஒன்று நுழையும் பல்வரிசை உண்டு. பிரிக்கும் முன் இரண்டு பக்கமும் அடையாளம் வைத்து, சேர்க்கும்போது அடையாளத்துக்கு அடையாளம் நேராகச் சேர்க்க வேண்டும். மற்ற பட்டறைகளில் உளியால் கொத்துவார்கள், பெயிண்ட் தொடுவார்கள். மொக்கராசு பட்டறையில் செல்லத்தாயியின் சிவப்பு நகப்பாலீஷ். கிரீஸில் அழியாது, வெயிலில் மங்காது. "என் பாலீஷுல பாதி ஊரு வண்டிக்குப் போகுது," என்று அவள் திட்டிக்கொண்டே கொடுப்பாள். அவள் போன பிறகு அந்தக் குப்பியை அவரால் திறக்க முடியவில்லை. அடையாளம் வைப்பதையே விட்டுவிட்டு, கண் மதிப்பில் சேர்த்தார். சமதரை வண்டிகள் பொறுத்துக்கொண்டன. உயர்த்திய இந்த ஜீப்பில் அவர் ஒரு பல் தள்ளிச் சேர்த்திருந்தார். அந்த ஒரு பல் இடைவெளியைப் பார்த்துத்தான் மற்ற உதறல்களெல்லாம் வந்து குடியேறியிருந்தன.

"சிக்கந்தர், நிறுத்து."

ஏழாவது வளைவில், எட்டாவதற்குக் கீழே கொஞ்சம் சமமான இடம். சக்கரத்துக்குக் கல் கொடுத்தார்கள். எல்லாரும் இறங்கினார்கள். மொக்கராசு சொன்னதைக் கேட்டுக்கொண்டார்கள்.

"இன்னைக்கு வேணாம்ணே," என்றாள் பின்படியில் தொங்கி வருகிற குருவக்கா. "பேசிட்டு இறங்கும்போது பாருங்க. இத்தன நாளு ஓடல?"

"ஓடுச்சு. எட்டாவது வளைவுல இன்னைக்கு அறுந்தா?"

"அறுகாட்டி?"

யாரும் உத்தரவு போடவில்லை. ஒச்சம்மா கை தூக்கச் சொன்னாள். பேச்சு முடிந்தபின் என்று ஏழு கை, இப்போதே என்று பதினொன்று. தோற்ற ஏழு பேரும் முணுமுணுத்துக்கொண்டே கல்லை நெருக்கிப் போட்டு உதவினார்கள்.

மொக்கராசு அடியில் படுத்தார். கையை வெளியே நீட்டி, "பாலீஷ்," என்றார். ஒச்சம்மா இடுப்பிலிருந்து தன் நகப்பாலீஷ் குப்பியை எடுத்து அந்தக் கையில் வைத்தாள். தேய்ந்த பல்லைத் தடவி, உண்மையான நேர் எது என்று கண்டு, இரண்டு பக்கமும் ஒவ்வொரு சிவப்புப் பொட்டு வைத்து, பொட்டுக்குப் பொட்டு நேராகச் சேர்த்து, பெட்டியில் கொண்டுவந்திருந்த புதுக் கிராஸ் இரண்டையும் மாட்டி, கடைசி போல்ட்டை முறுக்கினார். முறுக்கிய நொடியில் ஜீப் அமைதியானது. கோயில் மணி நின்ற பிறகுதான் அதுவரை மணி அடித்ததே தெரியும், அப்படி ஒரு அமைதி. மலையில் பறவைச் சத்தம் கேட்டது.

பிறகு அது வந்தது. இருக்க இடமில்லாமல் தகரத்திலிருந்து இறங்கி, புல்லைச் சிலிர்க்க வைத்துக்கொண்டு, தரையோடு தரையாக வந்தது. தாய்மாரைத் தேடும் கன்றுக்குட்டிகள் மாதிரி ஒவ்வொரு பயமும் தன் ஆளைத் தேடிக் கண்டுபிடித்துப் பாதம் வழியாக ஏறியது. ஊருக்குள் இருந்தவர்களுடையது மலையை விட்டு இறங்கிக் கீழே போனது, அது போன வழியில் செடிகள் அசைந்ததைச் சிக்கந்தர் கடைசி வரை பார்த்துக்கொண்டு நின்றான். யாருக்கும் மாற்றி ஏறவில்லை. கடைசியாக மொக்கராசுவுக்கு அவருடையது வந்து சேர்ந்தது, கொஞ்சமும் குறையாமல்.

பதினெட்டுப் பெண்களும் உதறிக்கொண்டு நின்றார்கள். குருவக்கா அழுதாள். "சொன்னேன்ல," என்றாள். "இப்ப எந்தக் கையோட போயி அந்தாளு முன்னால நிக்க?"

மொக்கராசுவுக்குப் பேச்சு பழக்கமில்லை. வண்டியைப் பற்றித்தான் பேசத் தெரியும், அதைப் பேசினார். "இந்த ஷாப்டுல ரெண்டு கிராஸ் இருக்கு. எந்தக் கிராஸும் மடங்கிச் சுத்துனா உதறத்தான் செய்யும், உதறாத கிராஸு உலகத்துல கிடையாது. அடையாளம் நேரா இருந்தா இது உதறுறத அது எடுத்துக்கிரும், அது உதறுறத இது எடுத்துக்கிரும். வண்டி சும்மா போகும். கோளாறு உதறுறதுல இல்ல தாயிகளா. தனித்தனியா உதறுறதுலதான்."

ஒச்சம்மா தன் நகத்தைப் பார்த்தாள். பிறகு குருவக்காவின் உதறுகிற கையைப் பிடித்து, சிவப்புக்குச் சிவப்பு நேராக, விரலுக்குள் விரல் கோத்தாள். இரண்டு கையும் ஒரு கணம் மோதித் துள்ளின; பிறகு நின்றன.

சிக்கந்தர் ஒரு நடைக்குப் பத்துப் பேருக்கு மேல் ஏற்றவில்லை. முதல் நடையில் பத்து, இரண்டாவது நடையில் எட்டுப் பெண்களும் மொக்கராசுவும். எட்டாவது வளைவில் அவர் கண்ணை மூடவில்லை. ஒருபக்கம் பாறை, மறுபக்கம் ஒன்றுமில்லை. செல்லத்தாயி கடைசியாகப் பார்த்தது இதைத்தான். அவர் முழுசாக உதறினார், பக்கத்தில் இருந்தவள் அவர் கையை எடுத்துக் கோத்துக்கொண்டாள், கிரீஸ் ஒட்டுமே என்று அவர் சொல்வதற்குள் வளைவு முடிந்திருந்தது.

ஜீப் சத்தமில்லாமல் ஏறி வருவதை ஆபீஸ் ஜன்னலிலிருந்து பார்த்த மேனேஜர் புன்னகையோடு நாற்காலியில் போய் உட்கார்ந்து, கண்ணாடி பதித்த மேசையின் நடுவே ஒரு கிளாஸில் விளிம்பு வரை தண்ணீர் ஊற்றி வைக்கச் சொன்னார். அவர்கள் உள்ளே வந்தார்கள். பதினெட்டுப் பேர், பக்கத்தில் பக்கமாக, கோத்த கையோடு. இரண்டு ஓரத்தில் நின்றவர்கள் காலியான கையை மேசைமேல் வைத்தார்கள். ஒரு ஓரம் ஒச்சம்மா, ஒரு ஓரம் குருவக்கா. மொக்கராசு வாசலில் நின்று, வழக்கம்போல, எங்கே உதறுகிறது என்று கேட்டுக்கொண்டிருந்தார்.

மேனேஜர் தண்ணீரைப் பார்த்தார். நெடுநேரம் பார்த்தார். வெளியே ஓடை ஓடுவது கேட்டது. கிளாஸின் விளிம்பில் தண்ணீர் ஒரு கோடு மாதிரி நின்றது.

"ஜீப்புக்குப் பத்து பேரு," என்று ஆரம்பித்தாள் ஒச்சம்மா. அவள் குரல் உதறியது. உதறிக்கொண்டே எட்டாவது வளைவுச் சுவரைச் சொன்னது, உதறிக்கொண்டே ரோட்டைச் சொன்னது, ஒரு வார்த்தையையும் விழுங்கவில்லை.

மேனேஜர் ஒரு வாய் குடிக்கக் கை நீட்டினார். கிளாஸை எடுத்தார். அப்போதுதான் தண்ணீர் சிந்தியது.